அருட்செல்வருக்கு ஒரு கண்டக்டர் மகனின் கடிதம்

மதிப்பிற்குரிய அருட்செல்வர் நா.மகாலிங்கம் ஐயா அவர்களுக்கு,

வணக்கம். நீங்கள் என்னைப் பார்த்ததில்லை. என் அப்பாவையும் உங்களுக்குத் தெரிந்திருக்க நியாயமில்லை. பொள்ளாச்சியிலிருந்து வால்பாறை போகும் உங்கள் கம்பெனி பஸ்ஸில் கண்டக்டராக இருந்தார். 1960-ல் சேர்ந்தபோது அவருக்கு இருபத்திரண்டு வயது. இப்போது எண்பதைத் தாண்டி வெகுநாளாகிறது. காது மந்தம், ஞாபகம் மட்டும் கத்தி மாதிரி.

அக்டோபர் 2 வந்தால் எங்கள் வீட்டுக் காலண்டரில் காந்தி பிறந்த நாள் என்று அச்சிட்டிருக்கும். அதன் கீழே அப்பா பேனாவால் காமராஜர் என்று எழுதுவார், 1975-ல் அவர் போனதும் அதே தேதி என்பதால். 2014-க்குப் பிறகு அதற்கும் கீழே இன்னொரு வார்த்தை சேர்ந்தது: 'மொதலாளி'. சென்னையில் ஆண்டுதோறும் நீங்கள் எடுத்துவந்த வள்ளலார் – காந்தி விழாவில் இருந்தபோதே உங்கள் உயிர் பிரிந்தது என்று டிவியில் சொன்ன அன்று அப்பா சாப்பிடவில்லை. "தொண்ணூத்தொண்ணு வயசு, கலியாணச் சாவுதானேப்பா" என்று சொல்லிப் பார்த்தேன். "அதுக்கில்ல சாமி, ஒரு சமாச்சாரம் சொல்லோணும்னு இருந்தேன்" என்றார். என்ன சமாச்சாரம் என்பதைக் கடைசியில் எழுதுகிறேன். இந்தக் கடிதமே அதற்காகத்தான்.

முதலில் வண்டி.

உங்கள் அப்பா நாச்சிமுத்துக் கவுண்டர் 1931-ல் இருபத்தோரு பஸ்ஸோடு ஆரம்பித்தது ஆனைமலைஸ் பஸ் டிரான்ஸ்போர்ட். ஊரில் ஏ.பி.டி. என்றால்தான் தெரியும். பழனி, பொள்ளாச்சி, வால்பாறை. ஒரு பக்கம் முருகன், ஒரு பக்கம் தேயிலை, நடுவில் சந்தை. பஸ் விடுகிறவன் இதைவிட நல்ல தடம் தேட முடியாது என்பார் அப்பா. ஆனால் வால்பாறைத் தடம் லேசில்லை. ஆழியாறு தாண்டினால் மலை, நாற்பது கொண்டை ஊசி வளைவு. அந்தக் காலத்து எஞ்சின் பாதி மலையிலேயே கொதித்துவிடும். கிளீனர் ஒரு கையில் தகர வாளி, மறு கையில் டயருக்கு முட்டுக் கொடுக்கும் மரக்கட்டையோடு குதிப்பார். பாறையில் வழிகிற தண்ணீரைப் பிடித்து ரேடியேட்டரில் ஊற்றி, புஸ்ஸென்று கிளம்பும் ஆவியில் முகத்தைத் திருப்பிக்கொண்டு, 'ரைட்' சொல்ல வேண்டும். உள்ளே எஸ்டேட் ஜனம். கம்பளிச் சுருள், கருவாட்டு மூட்டை, கோழிக்கூடை, எலுமிச்சம் பழத்தை மூக்கில் வைத்துக்கொண்ட குழந்தைகள். வாந்தி எடுத்தவர்களுக்கு ஜன்னலோரம் மாற்றிக் கொடுப்பதும் கண்டக்டர் வேலைதான். டிக்கெட் கிழிப்பது அதில் கால்வாசி என்பார்.

அந்த மலையில் மணி தவறினால் டிப்போவில் எழுதிக் கொடுக்க வேண்டும். ஏன் தாமதம், எந்த வளைவில், எத்தனை நிமிஷம். லயோலாவில் இயற்பியலும் கிண்டியில் பொறியியலும் படித்துவிட்டு வந்தவர் முதலாளியானால் கணக்கு இப்படித்தான் இருக்கும் போல என்று நான் ஒருநாள் சொன்னேன். அப்பாவுக்கு அது பிடித்திருந்தது.

இப்போது சட்டமன்றத்துக்கு வருகிறேன்.

1952-ல் முதல் பொதுத் தேர்தல். பொள்ளாச்சியில் காங்கிரஸ் எம்.எல்.ஏ. ஆனீர்கள், உங்களுக்கு முப்பதுகூட ஆகவில்லை. ஆந்திரம் பிரியாத பழைய சென்னை மாகாணம், 375 பேர் உட்கார்ந்த சபை. அதில் காங்கிரஸுக்குக் கிடைத்தது 152. பெரும்பான்மை இல்லை. ராஜாஜியை அழைத்து வந்து ஆட்சி அமைத்தார்கள். பிறகு காமராஜர், அப்புறம் பக்தவத்சலம். மூன்று முதலமைச்சர்கள், மூன்று தேர்தல், 1967 வரை பதினைந்து வருஷம். இன்றைக்கு ஐந்தாறு தடவை ஜெயித்தவர்கள் இருக்கிறார்கள், அவர்களோடு எண்ணிக்கையில் போட்டி போட முடியாது. ஆனால் அந்தப் பதினைந்து வருஷம் எந்தப் பதினைந்து என்று பார்க்க வேண்டும். அணைகள், பள்ளிக்கூடங்கள், மதிய உணவு, தொழிற்பேட்டைகள் என்று மாகாணத்துக்கே அஸ்திவாரம் போட்ட காலம்.

இங்கே ஒன்றைக் கேட்டுவிடுகிறேன், கோபித்துக்கொள்ளக் கூடாது. உங்கள் தொழிலின் அஸ்திவாரமும் அதே வருஷங்களில்தான் விழுந்தது. 1955-ல் பொள்ளாச்சி கிரெடிட் சொசைட்டி, அதுதான் பிறகு சக்தி பைனான்ஸ் ஆனது. 1961-ல் சக்தி சுகர்ஸ். 1964-ல் அப்பக்கூடலில் கரும்பு அரவை. இதற்கெல்லாம் நடுவில் பஸ் தொழில். அன்றைக்கு பஸ் தொழில் என்றால் ரூட் பர்மிட். யாருக்கு எந்தத் தடம் என்று அரசு அதிகாரிகள்தான் முடிவு செய்தார்கள். அந்தப் பர்மிட் சண்டைகள் உச்ச நீதிமன்றம் வரை போயின. பஸ் முதலாளி ஒருவர் ஆளுங்கட்சி எம்.எல்.ஏ.வாகவும் இருந்தால் இன்றைக்கு என்ன சொல்வார்கள்? டிவியில் நான்கு பேரை உட்கார வைத்து ஒரு மணி நேரம் கத்துவார்கள். அன்று அது சகஜம். 1962-ல் காஞ்சிபுரத்தில் அண்ணாவையே தோற்கடித்த நடேச முதலியாரும் பஸ் முதலாளிதான். ஊருக்கு ஊர் காங்கிரஸுக்குப் பஸ் முதலாளிகள் துணை நின்ற காலம்.

உங்கள் மேல் குற்றம் சொல்ல எழுதவில்லை. கேள்வி கேட்க ஆள் இல்லாத காலத்தில் ஒரு மனிதர் எப்படி நடந்துகொண்டார் என்பதைப் பின்னால் வந்தவர்கள் அவருடைய அடுத்த ஐம்பது வருஷத்தை வைத்துத்தான் அளக்க முடியும். அந்தக் கணக்கில் உங்களுக்கு நான் நல்ல மார்க் போடுவேன். ஏன் என்று பின்னால் வருகிறது.

பிஏபி என்கிற பரம்பிக்குளம் – ஆழியாறு பாசனத் திட்டம் பற்றி நீளமாக எழுதினால் பொள்ளாச்சிக்காரர்கள் சண்டைக்கு வருவார்கள், யார் பெயரை முதலில் எழுதுவது என்று. வேட்டைக்காரன்புதூர் வி.கே.பழனிசாமிக் கவுண்டர் யோசனை சொன்னவர். செங்குட்டைப்பாளையத்தில் பிறந்த சி.சுப்பிரமணியம் அமைச்சரவைக்குள் இருந்து தள்ளியவர். காமராஜர் முடிவெடுத்தவர். தொகுதியின் குரலாகச் சபையில் நின்றவர் நீங்கள். வரிசையை எப்படி வேண்டுமானாலும் மாற்றி எழுதுங்கள், தண்ணீர் வந்தது. 1961 அக்டோபரில் நேரு வந்து திட்டத்தைத் தொடங்கி வைத்தார்.

வெளியூர்க்காரர்களுக்கு இது புரிய மலையின் சாய்வைச் சொல்ல வேண்டும். ஆனைமலையில் பெய்கிற மழை பெரும்பாலும் மேற்கே ஓடிக் கேரளம் வழியாக அரபிக் கடலில் விழும். கிழக்கே பல்லடம், காங்கேயம், தாராபுரம் பக்கம் கள்ளியும் வெள்வேலும். மேலே ஒரே மழை, கீழே வறட்சி, நடுவில் ஒரு மலை. அந்த மலைக்குள் சோலையாறு, பரம்பிக்குளம், தூணக்கடவு, பெருவாரிப்பள்ளம் என்று அணைகளைக் கட்டி, ஒன்றை இன்னொன்றோடு சுரங்கத்தால் இணைத்து, சர்க்கார்பதி வழியாக இறக்கி, மலையடிவாரத்தை ஒட்டிக் காண்டூர் கால்வாயில் நாற்பத்தொன்பது கிலோமீட்டர் நடத்தி, உடுமலை திருமூர்த்தி அணையில் கொண்டுவந்து சேர்த்தார்கள். கேரளத்தோடு ஒப்பந்தம் கையெழுத்தானது 1970-ல். 1958 நவம்பரிலிருந்து செல்லும் என்று பின்தேதியிட்டார்கள். கட்டி முடித்துவிட்டுக் கையெழுத்து! மணக்கடவில் கேரளத்துக்கு வருஷம் 7.25 டிஎம்சி அளந்து விட வேண்டும் என்பது ஷரத்து. இரண்டு மாநிலங்கள் பேசித் தீர்த்த காலமும் ஒன்று இருந்தது என்று பேரப்பிள்ளைகளுக்குச் சொன்னால் கதை என்கிறார்கள்.

எங்களுக்கு உடுமலைப் பக்கம் இரண்டரை ஏக்கர், அம்மா வழியில் வந்தது. மானாவாரிச் சோளமும் கொள்ளும் விளைந்த காடு, இப்போது தென்னந்தோப்பு. கால்வாய்த் தண்ணீர் இல்லாவிட்டால் அப்பா சம்பளத்தில் எங்களைப் படிக்க வைத்திருக்க முடியாது. படித்ததும் நீங்கள் 1957-ல் பொள்ளாச்சியில் ஆரம்பித்த நாச்சிமுத்து பாலிடெக்னிக்கில்தான். ஆக உங்கள் பஸ், உங்கள் தொகுதி வாய்க்கால், உங்கள் பாலிடெக்னிக். கடன் பட்டவனுக்குக் கேள்வி கேட்கும் உரிமை உண்டா என்று யோசித்துப் பார்த்தேன். கடன் பட்டவன்தான் கணக்கு கேட்பான்.

அடுத்த கேள்வி கொஞ்சம் கனமானது.

1965 பிப்ரவரி 12. பொள்ளாச்சி.

இந்தி எதிர்ப்புப் போராட்டத்தில் தமிழ்நாடு முழுக்கத் தீப்பிடித்திருந்தது. அதற்கு முந்தின நாள் நம்ம ஊர் சி.சுப்பிரமணியம் மத்திய அமைச்சர் பதவியை ராஜினாமா செய்கிறேன் என்று கடிதம் கொடுத்திருந்தார். மறுநாள் பொள்ளாச்சித் தெருவில் துப்பாக்கிச் சூடு. செத்தவர்கள் எத்தனை பேர் என்பதில் அரசாங்கக் கணக்கும் ஊர்க் கணக்கும் இன்றுவரை ஒட்டவில்லை. அப்பா அன்றைக்கு வால்பாறையில் மாட்டிக்கொண்டார், வண்டி இறங்கக் கூடாது என்று உத்தரவு. இரண்டு நாள் கழித்து இறங்கி வந்தபோது பஸ் ஸ்டாண்டில் ஒற்றைச் செருப்புகளாகக் கிடந்தன என்பார். ஜோடி இல்லாத செருப்பு. வேறு எதையும் அவர் விவரித்ததில்லை, இதை மட்டும் பத்துத் தடவை சொல்லியிருப்பார்.

அந்தத் தொகுதியின் உறுப்பினர் நீங்கள். சுட்டது உங்கள் கட்சியின் ஆட்சி. பிற்காலத்தில் ஓம் சக்தி இதழில் மாதா மாதம் வேளாண்மை, ஆன்மிகம், பொருளாதாரம், நதி இணைப்பு என்று எத்தனையோ பேசினீர்கள். அந்த ஒரு நாளைப் பற்றி உங்கள் கையெழுத்தில் நிதானமாக ஒரு முழுக் கட்டுரை படிக்க எனக்கு ஆசை. தமிழுக்கு இவ்வளவு செலவழித்தவர், திருக்குறளும் திருமந்திரமும் மற்ற மொழிக்காரர்களுக்குப் போய்ச் சேர வேண்டும் என்று பாடுபட்டவர், தமிழ் கேட்டுச் செத்த பிள்ளைகளைப் பற்றி என்ன நினைத்திருப்பார்? இதை யாரிடம் கேட்பது, உங்களிடம்தான்.

இரண்டு வருஷத்தில் தேர்தல். 1967. ரூபாய்க்கு மூன்று படி அரிசி என்றார்கள், இந்தி ஒழிக என்றார்கள், ஊர் முழுக்க உதயசூரியன். திமுகவுக்கு 137 இடம். காங்கிரஸ் ஐம்பது சொச்சத்துக்குச் சுருங்கியது. காமராஜரே விருதுநகரில் தோற்றுப் போனார். உங்கள் சட்டமன்ற வாழ்க்கையும் அத்தோடு முடிந்தது.

அப்புறம் 1972. பஸ் நாட்டுடைமை. சென்னை நகரத்தில் நாற்பதுகளின் கடைசியிலேயே அரசு பஸ் ஓட ஆரம்பித்துவிட்டது. மற்ற ஊர்களுக்கு அது வர இவ்வளவு நாளானது. மதுரையில் டிவிஎஸ் வண்டிகள் பாண்டியன் ரோட்வேஸ் ஆயின. இங்கே ஏ.பி.டி. வண்டிகள் சேரன் போக்குவரத்துக் கழகம் ஆயின. அப்பா ஒருநாள் டூட்டி முடித்து வண்டியை டிப்போவில் விட்டார். மறுநாள் காலையில் வந்து பார்த்தால் பெயின்டர் ஏணி போட்டு 'ஆனைமலைஸ்' எழுத்தின் மேல் வெள்ளை அடித்துக்கொண்டிருக்கிறார். ஆனால் மெல்லிய வெள்ளை. வெயில் பட்டால் அடியில் பழைய எழுத்து தெரியும். ஒரு மாதம் போல அப்படி இரண்டு பெயரோடு ஓடியது அந்த வண்டி. அதே டிரைவர், அதே கிளீனர், அதே மலை. அப்பாவின் தோல் பையில்கூடப் பழைய பெயர்தான்.

அரசாங்க உத்தியோகம் கிடைத்தது என்று உறவில் எல்லோருக்கும் சந்தோஷம். ஜாதகத்தில் இருந்த கட்டம் பேசுகிறது என்றார் பாட்டி. அப்பா மட்டும் பேசாமல் இருந்தார்.

இந்த இடத்தில்தான் உங்களுக்கு மார்க் போடுவேன் என்றேன். ஐந்து வருஷத்துக்குள் நாற்காலியும் போனது, அப்பா வைத்துவிட்டுப் போன வண்டிகளும் போயின. வயது ஐம்பதைத் தொடவில்லை. கையில் பணம், பின்னால் ஆள், மாவட்டம் முழுக்கப் பெயர். இன்னொருவராக இருந்தால் இழந்ததை மீட்க மறுபடி கட்சிக்குள் போயிருப்பார், ஜெயிக்கிற கட்சியாகப் பார்த்து. தொழிலைக் காப்பாற்ற அரசியலுக்கு வந்தவர்கள், அரசியலைக் காட்டித் தொழில் பார்த்தவர்கள் என்று இரண்டு ரகத்தையும் நாங்கள் போதுமான அளவு பார்த்தாகிவிட்டது. நீங்கள் தேர்தல் பக்கம் திரும்பவில்லை. பஸ் போனால் லாரி, பார்சல் சர்வீஸ், அப்புறம் மாருதி கார் விற்பனை. அதே ஏ.பி.டி. பெயரில். மாருதி வந்ததும் அதற்கு உதிரி பாகம் வார்க்கிற தொழிற்சாலை. அப்பக்கூடல் ஆலை பெருகி சிவகங்கை வரை போனது. 1984-ல் கோவையில் குமரகுரு கல்லூரி, 1998-ல் பொள்ளாச்சியில் உங்கள் பெயரிலேயே பொறியியல் கல்லூரி. 2007-ல் பத்மபூஷண். இதையெல்லாம் விரிவாக எழுத ஆட்கள் இருக்கிறார்கள், நான் தாண்டிப் போகிறேன்.

ஒரு சின்னச் சமாசாரம். என் மனைவி உட்படப் பலர் சமையல்கட்டில் இருக்கும் சக்தி மசாலாவும் உங்களுடையது என்றே நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். அது ஈரோட்டில் வேறொருவர் மஞ்சள் தூளில் ஆரம்பித்து வளர்த்த கம்பெனி என்று சொன்னால் நம்ப மறுக்கிறாள். "சக்தின்னா பொள்ளாச்சிதான்" என்கிறாள். உங்கள் விளம்பரச் செலவு மிச்சம்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். குமரிக்கண்டம் பற்றி நீங்கள் பேசியதில் எனக்கு ஒப்புதல் இல்லை. கடலுக்கடியில் அப்படி ஒரு கண்டம் மூழ்கிக் கிடக்கவில்லை என்று நிலவியல் தெளிவாகச் சொல்கிறது. கிண்டியில் படித்த நீங்கள் அந்த இடத்தில் மனதின் பக்கம் சாய்ந்தீர்கள். நாற்பது வளைவுக்கும் நிமிஷக் கணக்கு கேட்ட கம்பெனியின் முதலாளி ஒரு கண்டத்துக்குக் கணக்கு கேட்கவில்லையே என்று அப்பாவிடம் கிண்டல் செய்தேன். அவர் சிரிக்கவில்லை.

காந்தி, வள்ளலார் இருவரையும் ஒரே மேடையில் வைத்தது மட்டும் எனக்கு எப்போதும் பொருத்தமாகப் பட்டது. அக்டோபர் 2, அக்டோபர் 5 என்று தேதி பக்கத்தில் இருப்பது ஒரு சௌகரியம். அதைவிட, இருவருக்கும் பசிதான் முதல் கேள்வி. 1867-ல் வடலூரில் மூட்டிய அடுப்பு இன்னும் அணையவில்லை. ஆலை முதலாளி ஒருவர் வருஷா வருஷம் போய் அந்த இருவர் முன்னால் உட்கார்ந்திருந்தார் என்பதை நான் பக்தி என்று மட்டும் பார்க்கவில்லை. லாபம் பார்க்கிறவனுக்கு வருஷத்தில் நாலு நாளாவது அந்த மாதிரி ஒரு இடத்தில் உட்கார வேண்டிய அவசியம் இருக்கிறது. நானும் தேங்காய் வியாபாரம் பார்க்கிறேன், எனக்குத் தெரியும்.

சரி, அப்பா சொல்ல நினைத்த சமாச்சாரம்.

1967-ல் அவர் ஓட்டு காங்கிரஸுக்கு இல்லை. சூரியனுக்குப் போட்டார். கம்பெனியில் சம்பளம் வாங்கிக்கொண்டு, உங்கள் கட்சிக்கு எதிராக. அதை அம்மாவிடம்கூடச் சொல்லவில்லை. என்னிடம் சொன்னதே தொண்ணூறுகளில், ரிட்டயர் ஆன அன்று ராத்திரி. "அந்தச் செருப்பைப் பாத்த பொறகு கை வேற பக்கம் போகலீங்" என்று, என்னவோ எதிரில் நீங்களே உட்கார்ந்திருப்பது போல. கொஞ்ச நேரம் கழித்து, "நானே ஓட்டுப் போட்டு நானே மொதலாளிய மாத்திக்கிட்டேன்" என்று சொல்லிவிட்டுப் படுக்கப் போய்விட்டார்.

அவருக்கு அதில் வருத்தமா, பெருமையா என்று இத்தனை வருஷமாக எனக்குப் பிடிபடவில்லை. போட்ட ஓட்டு தப்பு என்று ஒருநாளும் சொன்னதில்லை. ஏ.பி.டி. போனதை நினைத்துக் கண் கலங்காமலும் இருந்ததில்லை. இரண்டும் ஒரே ஆளுக்குள் இருந்தன, அந்த வண்டியின் இரண்டு பெயர் மாதிரி. உங்களிடம் நேரில் ஒரு தடவை சொல்லிவிட வேண்டும் என்று நினைத்தவர், கோவைக்குப் பஸ் ஏறியும் இருக்கிறார். காந்திபுரத்தில் இறங்கி ஒரு காபி குடித்துவிட்டுத் திரும்பி வந்துவிட்டார். "என்னன்னு போயி நிக்கறது?"

இப்போது சொல்லியாகிவிட்டது. இன்று காலையில் இதை எழுதப் போகிறேன் என்று அப்பா காதருகே சத்தமாகச் சொன்னேன். "ஓட்டு விஷயத்த எழுது. செருப்பையும் எழுது. வண்டி ஒருநாளும் லேட்டில்லைன்னும் எழுது" என்றார். மூன்றாவது முழு உண்மையில்லை, உங்கள் டிப்போப் பதிவேட்டில் இருந்திருக்கும். விட்டுவிடுங்கள்.

எங்கள் மண்டலத்துக்கு நாளை தண்ணீர் முறை. கிளை வாய்க்காலில் புல் மண்டிக் கிடக்கிறது, ராத்திரிக்குள் வெட்டியாக வேண்டும். மண்வெட்டிக்குப் பிடி போடக் கொடுத்தது இன்னும் வரவில்லை. போய்ப் பார்க்கிறேன்.

பணிவுடன்,
உங்கள் வால்பாறை வண்டிக் கண்டக்டரின் மகன்